வண்டிக்கப்பல் செபாஸ்டியன்

எங்கள் தோட்டத்தில் கப்பலைப் பற்றித் தெரியாதவர் ஒருவரும் கிடையாது. தெரியாமல் எப்படி இருக்கும்? நாகப்பட்டினத்தில் ஏறியதிலிருந்து பினாங்கில் இறங்கும்வரை அத்தனை பேரும் கப்பலின் அடித்தட்டில் வாந்தியெடுத்துக்கொண்டு படுத்திருந்தவர்கள்தானே. அந்த ஒரு வாரத்துப் படிப்பை வைத்துக்கொண்டு ஆயுள் முழுக்கக் கப்பல் நிபுணர்களாக நடந்துகொண்டார்கள். நங்கூரம் என்ன கனம், புகைபோக்கி என்ன உயரம் என்று காலைப் பெரட்டில் பேர் கூப்பிடும்வரை வாதம் நடக்கும். எதில் வேறுபட்டாலும் ஒன்றில் மட்டும் எல்லோருக்கும் ஒரே கருத்து. தாங்கள் பார்த்த கப்பலைத் தவிர வேறு மாதிரிக் கப்பல் உலகத்தில் இருக்க முடியாது.

இப்படிப்பட்ட இடத்தில் ஒரு மனிதர் வந்து, தாம் வேலை பார்த்த கப்பலுக்குச் சக்கரம் உண்டு என்று சொன்னால் விடுவார்களா?

சொன்னவர் செபாஸ்டியன். ஈப்போ பக்கம் லகாட்டைத் தாண்டி இருந்த எங்கள் ரப்பர் தோட்டத்தில், பாலை உறையவைத்துத் தகடாக உருட்டும் ஸ்டோரில், நீராவி இயந்திரத்தைப் பார்த்துக்கொண்டவர். நான் அவருக்குப் பக்கத்து வீடு. தோட்டத்து வரிசை வீடான லயத்தில் பக்கத்து வீடென்றால் நடுவே ஒரு பலகைதான். அவர் வீட்டு ரசத்தில் உப்புக் குறைந்தால் எங்களுக்கே தெரிந்துவிடும். அதனால்தான் துணிந்து எழுதுகிறேன். அவர் வாயில் வேறு பொய் எதையும் நான் கேட்டதில்லை. இந்தக் கப்பல் ஒன்றைத்தான் எந்தக் கணக்கில் வைப்பதென்று எனக்கும் வெகுநாள் புரியவில்லை.

இளவயதில் அவர் ரங்கூனுக்குப் போனார். அங்கே ஐராவதி ஆற்றில் ஓடிய ஒரு சின்னப் போர்க்கப்பலில் விறகு தள்ளும் வேலை கிடைத்தது. பிறகு எண்ணெய் விடுபவரானார். கடைசியில் இயந்திரத்தின் கைப்பிடியிலேயே நின்றார். அந்தக் கப்பலுக்கு ஏதோ ஒரு ராணியின் பெயராம். அதில் வேலை செய்தவர்கள் யாரும் அந்தப் பெயரைச் சொன்னதில்லை. வாத்து என்றுதான் சொல்வார்களாம். இரண்டு பக்கமும் புடைத்துக்கொண்டு, தண்ணீரை அடித்து அடித்துத் தள்ளாடியபடி போகுமாம்.

கேட்க ஆளிருந்தால் அவர் அழகாகச் சொல்வார். ஆற்றில் எங்கே மணல்திட்டு இருக்கிறதென்று தெரியாது. ஆழமாக மூழ்கும் கப்பல் அங்கே நொடியில் தரைதட்டிவிடும். அதனால் வாத்துக்கு அடிப்பாகம் தட்டையாக, தாம்பாளம் மாதிரி இருக்கும். இடுப்பளவுத் தண்ணீர் போதும். சாதாரணக் கப்பலுக்குப் பின்னால் அடியில் இருக்கும் விசிறி இதற்கு ஆகாது, மணலில் சிக்கிவிடும். ஆகவே வலது பக்கம் ஒன்று, இடது பக்கம் ஒன்று என ஆளைவிட உயரமான இரண்டு சக்கரங்கள். சக்கரத்தின் விளிம்பெல்லாம் பலகை. நீராவி சக்கரத்தைச் சுற்றும், பலகை தண்ணீரைத் தள்ளும், கப்பல் போகும். இரண்டு சக்கரத்துக்கும் மேலே பெரிய மரக்கூண்டு போட்டு மூடியிருப்பதால் கரையிலிருந்து பார்ப்பவனுக்குச் சக்கரம் தெரியாது. பக்கவாட்டையெல்லாம் சக்கரம் அடைத்துக்கொண்டதால் பீரங்கியை முன்னால் ஒன்றும் பின்னால் ஒன்றும்தான் வைக்க முடிந்தது.

கப்பல் அவ்வளவு தட்டையானது என்பதால் கொதிகலன் பாதிக்கு மேல் தண்ணீர் மட்டத்துக்கு வெளியே நின்றது. கரையிலிருந்து ஒரு குண்டு வந்து பட்டால் எல்லோரும் வெந்து போக வேண்டியதுதான். அதற்காகக் கொதிகலனைச் சுற்றி விறகையே சுவர் மாதிரி அடுக்கி வைத்திருப்பார்களாம். அந்த விறகைத்தான் எடுத்து எரிக்கவும் வேண்டும். எரிக்க எரிக்கக் காவல் குறைந்துகொண்டே வரும். "நம்ம செவுத்த நாமளே தின்னுக்கிட்டுப் போவோம்" என்பார். சண்டை நடந்ததா என்று கேட்டால், தம் காலத்தில் நடக்கவில்லை, யாரோ ஒரு நீதிபதியின் பியானோவை ஆற்றின் மேல்பகுதி ஊருக்குக் கொண்டுபோனதுதான் பெரிய காரியம் என்பார். வீரக்கதை ஒன்று அவிழ்த்து விட்டிருந்தால் ஒருவேளை எங்கள் ஆட்கள் நம்பியிருப்பார்கள். பியானோவை யார் நம்புவது?

ஆனால் அவரைச் சக்கரத்தைத் தாண்டிப் பேச விட்டவர்கள் குறைவு. சக்கரம் என்றதும் எல்லோர் மனத்திலும் மாட்டுவண்டிதான் வந்து நின்றது. ரப்பர் மரத்தைச் சீவிப் பால் எடுக்கும் பால்வெட்டில் எங்களுடன் இருந்த மாயாண்டி இதில் பெரிய ஆள். "மாட்ட எங்கண்ணே கட்டுவீங்க, முன்னாலயா, தண்ணிக்கு அடியிலயா?" என்பான். அவன் வைத்த பெயர்தான் வண்டிக்கப்பல். அது ஒட்டிக்கொண்டது. செபாஸ்டியனும் சிரித்துக்கொண்டு போய்விடுவார். ஸ்டோர் மணியடித்தால் வேலை, ஞாயிறானால் ஈப்போவில் பூசை, மனைவி சவரியம்மாள், ஒரே மகள் எல்ஸி. அவருக்கு அதற்குமேல் யாரையும் ஜெயிக்க வேண்டிய அவசியம் இருக்கவில்லை.

அவசியம் இருபத்துநாலாம் வருஷம் வந்தது. எல்ஸிக்குப் பாகான் செராயிலிருந்து சம்பந்தம் வந்தது. பையன் லியோனார்ட், நெல் ஆலையில் வேலை. தாய் தகப்பன் இல்லாத அவனை வளர்த்தவள் அத்தை குழந்தையம்மாள். ஒரு காலத்தில் பால்வெட்டு வேலை செய்தவள், அப்போது பாகான் செராயில் சாப்பாட்டுக்கடை வைத்திருந்தாள். ஆள் குள்ளம், குரல் உயரம். பிள்ளைகள் இருவருக்கும் ஒருவரையொருவர் பிடித்துப்போயிற்று. எல்ஸி தைத்துக்கொண்டிருந்த தலையணை உறையில் லியோனார்டின் பெயரின் முதல் எழுத்தைப் பூப்போட்டு முடித்ததைச் சவரியம்மாள் என் மனைவியிடம் காட்டிச் சிரித்தாள்.

எங்கள் வழக்கப்படி கல்யாணத்துக்கு முன்பு மூன்று ஞாயிறு கோயிலில் ஓலை வாசிப்பார்கள். இன்னாருக்கும் இன்னாருக்கும் திருமணம், தடை ஏதும் தெரிந்தவர்கள் சொல்லலாம் என்று சாமியார் பூசையில் அறிவிப்பார். இரண்டு ஓலை சுகமாக முடிந்தது. இரண்டாவது ஓலை வாசித்த அன்று, ஜெலாப்பாங்கில் உறவினர் வீட்டில் தங்கியிருந்த குழந்தையம்மாள் விருந்துக்குத் தோட்டத்துக்கு வந்தாள். வந்த இடத்தில் மாயாண்டி, கெட்ட எண்ணம் ஒன்றுமில்லாமல், வாய்க் கொழுப்பில் வண்டிக்கப்பல் கதையை எடுத்துவிட்டான். எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். குழந்தையம்மாள் சிரிக்கவில்லை.

அவளுக்கு ஒரு தங்கை இருந்தாள். ரங்கூனிலிருந்து வந்தேன், தனியாள் என்று சொன்ன ஒருவனுக்குக் கட்டிக்கொடுத்தார்கள். இரண்டு பிள்ளை பிறந்த பிறகு, அவனுக்கு ஊரில் ஏற்கெனவே பெண்டாட்டி பிள்ளை இருப்பது தெரிந்தது. தங்கை அந்த அவமானத்திலிருந்து எழுந்திருக்கவே இல்லை. கடல் தாண்டி வந்த எங்களிடையே இது ஒன்றும் புதிதல்ல. இங்கே ஒவ்வொரு மனிதனும் தன்னைப் பற்றித் தானே சொன்னதுதான் சாட்சி. விசாரிக்க ஊரும் இல்லை, உறவும் இல்லை.

அவள் இலையை மூடிவிட்டுச் செபாஸ்டியனிடம் நேராகவே கேட்டாள்.

"அண்ணே, கோவிச்சுக்காதீங்க. அந்த வருசமெல்லாம் ரங்கூன்ல கப்பல்ல இருந்தேன்னு சொல்றீங்க. கப்பலே பொய்யின்னா, அத்தன வருசம் எங்க இருந்தீங்க? யாரோட இருந்தீங்க?"

செபாஸ்டியனுக்கு முதலில் கேள்வியே விளங்கவில்லை. விளங்கியதும் முகம் வெளுத்துவிட்டது. ரங்கூனில் தமக்கு யாருமில்லை, கப்பல்தான் வீடு என்றார். அதைத்தான் கேட்கிறேன் என்றாள் குழந்தையம்மாள். சந்தேகம் தீராமல் மூன்றாவது ஓலையை வாசிக்க விடமாட்டேன், சாமியாரிடம் சொல்லிவிடுவேன் என்று சொல்லிவிட்டுக் கிளம்பினாள். அடுப்படியில் எல்ஸி நின்றிருந்தாள். இருபது வருஷமாகச் சிரித்த சிரிப்புக்கு இப்படி ஒரு வால் முளைக்கும் என்று யார் நினைத்தோம்?

அந்த வாரம் செபாஸ்டியன் ஒரு காரியம் செய்தார். மண்ணெண்ணெய்த் தகரத்தை வெட்டித் தட்டையாக ஒரு கப்பல் செய்தார். சிகரெட் டின் மூடிகளை வைத்து இரண்டு பக்கமும் சக்கரம் போட்டு, விளிம்பில் பலகைச் சில்லுகளைச் செருகினார். நீராவிக்கு எங்கே போவது? ரப்பர் தகட்டிலிருந்து ஒரு வார் அறுத்து, அச்சில் முறுக்கிக் கட்டினார். முறுக்கு அவிழும்போது சக்கரம் சுற்றும். சனிக்கிழமை, குழந்தையம்மாளுக்குச் சொல்லியனுப்பி, ஸ்டோருக்குப் பின்னால் இருந்த தண்ணீர்த் தொட்டியில் அதை விட்டார். லயமே கூடி நின்றது.

கப்பல் ஓடியது. உண்மையாகவே ஓடியது. ஆனால் நாலு முழம் போவதற்குள் ஒரு பக்கம் சாய்ந்தது. ஒரு சக்கரம் தண்ணீருக்குள் அமிழ, மற்றது ஆகாயத்தில் சும்மா சுற்ற, கப்பல் செக்குமாடு மாதிரி வட்டமடிக்க ஆரம்பித்தது.

"வண்டி குடை சாஞ்சிருச்சுலா" என்றான் மாயாண்டி. அவனுக்கும் அடக்க முடியவில்லை, பாவம். கூட்டம் சிரித்தது.

அப்போதாவது செபாஸ்டியன் வாயை மூடிக்கொண்டிருக்கலாம். அவரோ உள்ளதைச் சொன்னார். வாத்தும் இப்படித்தான் சாயும், ஒரு சக்கரம் மேலே வந்துவிடும், உடனே நாங்களெல்லாம் அந்தப் பக்கம் ஓடிப்போய் நிற்போம், இரும்புச் சங்கிலி நிறைத்த பெட்டி ஒன்றையும் உருட்டிக்கொண்டு போவோம், கப்பல் நேராகிவிடும் என்றார். போர்க்கப்பலை ஆட்கள் நின்று நிமிர்த்தினார்கள் என்றதும் சிரிப்பு இரண்டு மடங்காயிற்று. அவர் ஒரு கூழாங்கல்லை எடுத்து மேலே எழும்பிய பக்கத்தில் வைத்தார். கப்பல் நிமிர்ந்து, நூல் பிடித்த மாதிரி நேராக ஓடித் தொட்டியின் மறுமுனையில் போய் முட்டியது. அதை நானும் எல்ஸியும்தான் பார்த்தோம். மற்றவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள். குழந்தையம்மாள் அதற்குள் திரும்பி நடந்துவிட்டாள். எனக்கு அத்தனை பேர்மீதும் ஆத்திரம் வந்தது.

மறுநாள் ஞாயிறு. பூசைக்கு எல்லோரும் ஈப்போ போனோம். சாமியார் அறிவிப்பு நேரத்தில் வேறு இரண்டு கல்யாணங்களுக்கு ஓலை வாசித்தார். எல்ஸியின் பெயர் வரவில்லை. கோயில் முழுக்க ஒரு சலசலப்பு ஓடியது. சவரியம்மாள் முக்காட்டை இழுத்து முகத்தை மறைத்துக்கொண்டாள். செபாஸ்டியன் ஆண்கள் பக்கத்தில், நடைபாதை ஓரமாக, எனக்கு முன்வரிசையில் முழந்தாளிட்டிருந்தார். பிரார்த்தனை செய்தாரா, வெறுமனே தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாரா, எனக்குத் தெரியாது.

சாமியார் அப்பத்தை உயர்த்தும்போது மணி மூன்று முறை அடிக்கும். மக்கள் ஒவ்வோர் அடிக்கும் மார்பில் தட்டிக்கொள்வார்கள். செபாஸ்டியன் மட்டும் அதைச் சரியாகச் செய்வதே இல்லை. மூன்று அடியும் முடியக் காத்திருந்து, வலக்கையை நீட்டி, எதையோ பிடித்தமாதிரி மூடி, நெஞ்சுக்கு ஒரே இழுப்பாக இழுப்பார். அதோடு சரி. உபதேசியார் டொமினிக் எத்தனையோ தடவை அவரைத் தனியே அழைத்து, மூன்று முறை தட்ட வேண்டும் என்று திருத்தியிருக்கிறார். செபாஸ்டியன் ஒவ்வொரு தடவையும் மன்னிப்புக் கேட்பார். அடுத்த ஞாயிறு மறுபடியும் ஒரே இழுப்பு. பக்திக் குறைவு என்று சிலர், நரம்புக் கோளாறு என்று சிலர்.

அன்றும் மணி மூன்று முறை அடித்தது. கை நீண்டது, மூடியது, நெஞ்சுக்கு வந்தது. நடைபாதைக்கு அந்தப் பக்கம், பெண்கள் வரிசையில், குழந்தையம்மாள் அதைப் பார்த்தாள். பூசை முடியும்வரை அவள் கண் அந்தக் கையை விடவில்லை.

வெளியே வந்ததும் அவள் உபதேசியாரிடம் ஏதோ கேட்டாள். அவர் தலையிலடித்துக்கொண்டு, வருஷக்கணக்காகச் சொல்லிக் களைத்துப்போனேன் என்று சலித்துக்கொண்டது மட்டும் என் காதில் விழுந்தது. பிறகு அவள் சவரியம்மாளிடம் வந்து, மத்தியானம் வீட்டுக்கு வரலாமா என்று கேட்டாள். முறித்துக்கொள்ளத்தான் வருகிறாள் என்று நாங்கள் எல்லோருமே நினைத்தோம். சவரியம்மாள் அழுதுகொண்டே சோறு வடித்தாள். வருகிறவர்களுக்குச் சோறு போடாமல் இருக்க முடியாதே.

வந்தாள், சாப்பிட்டாள், கல்யாணத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. துணைக்கு என்னையும் அழைத்திருந்தார்கள். செபாஸ்டியன் என் பக்கம் திரும்பி, ஸ்டோரில் இயந்திரத்தின் பட்டை தேய்ந்துபோனதைப் பற்றி ஏதோ உயிரில்லாமல் சொல்லிக்கொண்டிருந்தார். அப்போது குழந்தையம்மாள் பித்தளைத் தட்டின் விளிம்பில் கரண்டியால் ஓர் அடி அடித்தாள். செபாஸ்டியன் பேச்சை நிறுத்தவில்லை. ஆனால் மடியில் கிடந்த வலக்கை மூடிக்கொண்டு முன்னால் தள்ளியது.

கொஞ்ச நேரம் விட்டு இரண்டு அடி. கை பாதிவழி திரும்பி வந்து நின்றது. மறுபடி மூன்று அடி. கை நெஞ்சுக்கு வந்தது. அவர் இன்னும் பட்டையைப் பற்றித்தான் பேசிக்கொண்டிருந்தார்.

"அண்ணே" என்றாள் குழந்தையம்மாள். "உங்க கை என்ன செய்யுது?"

அவர் குனிந்து பார்த்தார். நெஞ்சோடு ஒட்டியிருந்த தம் கையை, யாரோ கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனதுபோல் பார்த்தார். பிறகு சொல்ல ஆரம்பித்தார். கப்பலில் கேப்டன் மேலே, இரண்டு சக்கரக் கூண்டுகளுக்கும் நடுவில் போட்ட பலகையில் நிற்பார். இயந்திரத்துக்காரன் கீழே, நாலு பக்கமும் விறகு. ஆறும் தெரியாது, கரையும் தெரியாது. மேலேயிருந்து மணி வரும். ஒன்று அடித்தால் கைப்பிடியை முன்னால் தள்ள வேண்டும், கப்பல் முன்னே போகும். இரண்டு அடித்தால் நடுவில் நிறுத்த வேண்டும். மூன்று அடித்தால் நெஞ்சுக்கு இழுக்க வேண்டும், சக்கரம் திருப்பிச் சுற்றும், கப்பல் பின்னே போகும். யோசிக்க நேரமில்லை. யோசித்தால் மணலில் ஏறிவிடும்.

"கோயில்ல இத்தன நாளும் இதத்தான் செஞ்சுக்கிட்டு இருந்தனா?" என்றார். அவருக்கே அது புதிய செய்தி.

"விடாம அடிச்சா?" என்று கேட்டாள் குழந்தையம்மாள்.

"வேல முடிஞ்சதுன்னு அர்த்தம். கரை சேந்தாச்சு, கைய எடுத்துக்கலாம். அந்தச் சத்தத்துக்குத்தாம்மா நாள் பூரா காத்துக்கிட்டுக் கெடப்போம்."

குழந்தையம்மாள் தன் வலக்கையை எங்கள் முன்னால் நீட்டினாள். கத்தி பிடித்துப் பிடித்து வளைந்த விரல்கள். பால்வெட்டை விட்டுப் பல வருஷமாகியும் தூக்கத்தில் அந்தக் கை மரம் சீவிக்கொண்டிருக்கும், பக்கத்தில் படுத்த புருஷன் எழுந்து பிடித்து நிறுத்துவான் என்றாள். அது எங்கள் எல்லோர் வீட்டிலும் நடப்பதுதான். பால்வெட்டுக்காரன் தூங்கினாலும் அவன் கை தூங்காது என்பது தோட்டத்தில் யாருக்குத் தெரியாது?

"எந் தங்கச்சி புருசன் வாயால சொன்னத நாங்க நம்புனோம். அவன் கையப் பாக்காம போயிட்டோம். பழகுன கைய எனக்குத் தெரியும்ணே. நீங்க அங்கதான் இருந்திருக்கீங்க." நீட்டிய கையை இழுத்துக்கொண்டு, "அடுத்த ஞாயிறு ஓலைய வாசிக்கச் சொல்லிர்றேன்" என்றாள்.

சவரியம்மாள் அடுப்படியிலிருந்து ஓடிவந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். எல்ஸி வரவில்லை. அடுப்படிக்குள் அவள் விசும்புவதும் சிரிப்பதும் சேர்ந்து கேட்டது. ஒரு வாரமாக எங்கள் எல்லோர் நெஞ்சிலும் உட்கார்ந்திருந்த கல் எழுந்து போயிற்று. நான் இன்னொரு முறை சோறு கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன்.

செபாஸ்டியனுக்கு மட்டும் ஒரு ஆசை மிச்சமிருந்தது. தயங்கித் தயங்கி, அப்படியானால் சக்கரத்தையும் நம்புகிறீர்களா என்று கேட்டார்.

"கப்பல நம்புறேன்ணே" என்றாள் குழந்தையம்மாள். "சக்கரத்தப் பொறவு பாத்துக்கலாம்."

மூன்றாவது ஓலை வாசித்தார்கள். மாயாண்டி மன்னிப்பு என்று ஒன்றும் கேட்கவில்லை. கல்யாணப் பந்தலுக்கு அவனே மூங்கில் வெட்டிக்கொண்டு வந்தான். வண்டிக்கப்பல் என்ற பெயரை அவன் விடவில்லை. செபாஸ்டியன் சாகும்வரை அந்தப் பெயர்தான். ஆனால் அதன்பின் அந்தப் பெயரில் சந்தேகம் இருக்கவில்லை. தகரக் கப்பல் எங்கள் வீட்டுப் பரணில் ரொம்ப நாள் கிடந்தது.

கல்யாணப் பூசையில் நான் வேண்டுமென்றே அவருக்குப் பக்கத்தில் முழந்தாளிட்டேன். மணி மூன்று முறை அடித்தது. கை நெஞ்சுக்கு வந்தது. உபதேசியார் டொமினிக் அதைப் பார்த்தார். பார்த்துவிட்டுப் பேசாமல் தலையைத் திருப்பிக்கொண்டார். லியோனார்ட் தாலியைக் கட்டியது முன்னரே முடிந்திருந்தது. எல்லாம் நல்லபடியாகத்தான் நடந்துகொண்டிருந்தது. ஆனாலும் செபாஸ்டியனின் கை மூடிய முஷ்டியாகவே இருந்தது. இன்னும் யாராவது எழுந்து ஏதாவது சொல்லிவிடுவார்களோ என்று பயந்தவர்போல் விறைத்திருந்தார்.

பிறகு மணமக்கள் பீடத்தை விட்டு இறங்கினார்கள். அந்த நேரத்தில் கோபுரத்து மணியை இழுத்து அடிக்க ஆரம்பித்தார்கள். ஒன்று, இரண்டு என்று எண்ணுகிற அடியல்ல. விடாமல், மூச்சுவிடாமல், கல்யாணத்துக்கு அடிக்கும் மணி.

செபாஸ்டியனின் கை மெல்ல விரிந்தது. கைப்பிடியை விட்ட கை பக்கத்தில் தொங்கியது. அவர் பெஞ்சில் உட்கார்ந்து, கூட்டமெல்லாம் பார்க்க, சத்தமாக அழுதார். என்னவோ ஏதோ என்று சவரியம்மாள் பதறி எழுந்தாள். குழந்தையம்மாள் அவள் தோளைப் பிடித்து உட்காரவைத்தாள்.

"விடு அண்ணி. கரை சேந்துட்டாரு."